ராஜாவின் அண்ணன் பிள்ளைகள்

லெஸ்டர், இங்கிலாந்து
14-1-2024

அன்புள்ள சின்னத்தாவுக்கு மஹீன் எழுதுவது.

அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ் உதவியால் நலமாக இருக்கிறேன். உங்கள் முழங்கால் வலி, சின்னம்மாவின் ரத்த அழுத்தம் இரண்டும் எப்படி இருக்கின்றன? அத்தாவும் அம்மாவும் தொப்பூர் கணவாய் விபத்தில் போய்விட்டார்கள் என்ற செய்தி போனில் வந்ததிலிருந்து வீட்டு விஷயம் எதையும் நீங்கள் போனில் பேசுவதில்லை. அதனால்தான் இந்தக் காலத்திலும் நான் தபால்தலை ஒட்டிக்கொண்டிருக்கிறேன்.

படிப்புக்கு நடுவே எனக்கு வார இறுதியில் ஒரு வேலை கிடைத்திருக்கிறது. சுற்றுலாப் பயணிகளை ஊருக்குள் நடத்திக் கூட்டிப்போய்க் கதை சொல்ல வேண்டும். கதை, மூன்றாம் ரிச்சர்டு என்ற ராஜாவைப் பற்றியது. ஐந்நூறு வருடங்களுக்கு முன்னால் இந்த ஊருக்குப் பக்கத்தில் நடந்த சண்டையில் செத்தவன். புதைத்த இடம் யாருக்கும் தெரியாமல் போய், 2012இல் ஒரு கார் நிறுத்துமிடத்தைத் தோண்டியபோது எலும்புக்கூடாகக் கிடைத்தான். ராஜாவான அண்ணன் இறந்ததும், அண்ணனின் இரண்டு பையன்களுக்கும் பாதுகாவலனாக வந்தான். மூத்தவனுக்குப் பன்னிரண்டு வயது, சின்னவனுக்கு ஒன்பது. முடிசூட்டும்வரை இருக்கட்டும் என்று லண்டன் கோட்டையில் வைத்தான். முடியைத் தானே சூடிக்கொண்டான். பையன்களை அதன் பிறகு யாரும் பார்க்கவில்லை. இதைச் சொல்லும்போது கூட்டம் அப்படியே நின்றுவிடும்.

தம்பி நயீமின் போன் ஏன் அணைத்தே இருக்கிறது? புது வருடத்துக்கு நான் அனுப்பிய வாழ்த்தைக்கூட அவன் பார்க்கவில்லை. சின்னம்மாவிடம் கேட்டால் "நல்லா இருக்கான்மா" என்று சொல்லிவிட்டு அடுப்பைப் பார்க்கப் போய்விடுகிறார். பட்டறையில் அவனை ரொம்ப வேலை வாங்குகிறீர்களா? அவனை நாலு வரி எழுதச் சொல்லுங்கள்.

துஆவில் என்னை மறக்காதீர்கள்.
உங்கள் மகள் போன்ற
மஹீன்


சூரமங்கலம், சேலம்
1-2-2024

அன்பு மகள் மஹீனுக்கு,

வ அலைக்கும் ஸலாம். உன் கடிதம் கிடைத்தது. முழங்கால் பரவாயில்லை. சின்னம்மா மாத்திரை சாப்பிடுகிறாள். குளிரில் காதை மூடிக்கொண்டு போ. உனக்குச் சின்ன வயதிலிருந்தே காதுவலி உண்டு.

கார் நிறுத்துமிடத்தில் ராஜா கிடைத்ததைப் பட்டறையில் எல்லோருக்கும் படித்துக் காட்டினேன். சூரமங்கலத்தில் எங்கே தோண்டினாலும் தண்ணீர்க் குழாய்தான் உடைகிறது என்றான் லேத் ஓட்டுகிற வீரன். இப்போது வேலை நிறைய. திருச்செங்கோட்டு ரிக் வண்டிகள் வடக்கே கிளம்புகிற பருவம். ஆழ்துளைக் கிணறு தோண்டுகிற இரும்பு முனைகளை, அந்தப் பிட்டுகளைத் தீட்டக் கொண்டுவந்து குவிக்கிறார்கள்.

நயீம் நன்றாக இருக்கிறான். வேலை விஷயமாக வெளியூர் போயிருக்கிறான்.

அந்த ராஜா கதையில் ஒன்று கேட்க வேண்டும். அண்ணன் மகன் இருக்கும்போது தம்பிக்கு எப்படி முடிசூட்டினார்கள்? ஊர் சும்மாவா இருந்தது? ஏதாவது காரணம் சொல்லியிருப்பான் அல்லவா? அது என்ன என்று எழுது.

வேளைக்குச் சாப்பிடு. மற்றவை நேரில்.
வஸ்ஸலாம்
கரீம் பாஷா


லெஸ்டர்
17-2-2024

அன்புள்ள சின்னத்தாவுக்கு,

ஸலாம். உடம்புக்கு ஒன்றுமில்லை, மனதுதான் ஓரிடத்தில் நிற்க மறுக்கிறது. நூலகத்தில் உட்கார்ந்தால் எழுந்துவிடுகிறேன். அறைக்குப் போனால் அங்கேயும் இருக்க முடியவில்லை. நீங்கள் இருவரும் நலம்தானே?

முதலில் உங்கள் கேள்வி. ஒரு பாதிரியார் வந்து, அந்தப் பையன்கள் முறையாகப் பிறந்தவர்கள் இல்லை என்று சொன்னாராம். அவர்களுடைய அப்பா ஏற்கெனவே வேறொரு பெண்ணுக்குக் கல்யாண வாக்குக் கொடுத்திருந்தாராம். அதனால் பிள்ளைகளுக்கு உரிமை இல்லை, அடுத்து உரிமையுள்ளவர் சித்தப்பாதான் என்று முடித்துவிட்டார்கள். எவ்வளவு வசதியான காரணம் பாருங்கள்!

மீதியெல்லாம் ஊர் கட்டிய கதை. சண்டைக்குப் போகும்போது குதிரையை முடுக்க ராஜா குதிகாலில் கட்டியிருந்த முள் இங்கேயுள்ள பாலத்துக் கல்லில் இடித்ததாம். திரும்பி வரும்போது உன் தலை இதே கல்லில் இடிக்கும் என்று ஒரு கிழவி சொன்னாளாம். மறுநாள் பிணத்தைக் குதிரைமேல் குறுக்காகப் போட்டுக் கொண்டுவந்தபோது அப்படியே நடந்ததாம். எலும்பை ஆற்றில் வீசிவிட்டார்கள் என்று நூற்றாண்டுக் கணக்காக நம்பியிருக்கிறார்கள். கூனன், ஒரு கை சூம்பியவன் என்றும் எழுதி வைத்தார்கள். தோண்டி எடுத்துப் பார்த்தால் முதுகெலும்பு வளைந்திருந்தது உண்மை, கை நன்றாகத்தான் இருந்தது. ஆற்றுக் கதையும் பொய். புதைத்த இடத்திலேயே கிடந்திருக்கிறான்.

இனி என் கேள்வி. நயீம் எந்த வெளியூர்? யாரோடு? நம் தெருவில் இருக்கும் என் சிநேகிதி சுகன்யாவிடம் பேசினேன். டிசம்பர் கடைசியிலிருந்தே அவனைப் பார்க்கவில்லை என்கிறாள். அத்தா கட்டிய மாடி வீட்டில் பூட்டுத் தொங்குகிறது என்கிறாள். தெருவில் ஏதேதோ பேசுகிறார்களாம், அதை என்னிடம் சொல்ல மாட்டேன் என்கிறாள்.

நீங்கள் எழுத வேண்டாம். நயீம் கையெழுத்தில் ஒரு வரி வேண்டும்.

சின்னம்மாவுக்கு என் ஸலாம்.
மஹீன்


சூரமங்கலம்
12-3-2024

அன்பு மகள் மஹீனுக்குச் சின்னம்மா துஆவுடன் எழுதுவது,

அஸ்ஸலாமு அலைக்கும். இன்று முதல் நோன்பு. உனக்கு நேற்றே தொடங்கியிருக்கும். விடியும் முன் ஸஹருக்கு எழுந்து ஏதாவது சாப்பிடு, வெறும் தண்ணீரைக் குடித்துவிட்டுப் படுத்துவிடாதே. நான் நலமாக இருக்கிறேன்.

உன் கடிதம் வந்தபோது உன் சின்னத்தா ஊரில் இல்லை. ஒரு வேலையாக வடக்கே போயிருக்கிறார். பெருநாளுக்குள் வந்துவிடுவார் என்று நினைக்கிறேன். எனக்குக் கடிதம் எழுதித் தெரியாது. நீ காத்திருப்பாய் என்பதால் எழுதினேன். வேறு விசேஷம் இல்லை. பக்கத்து வீட்டு மருதாணிச் செடி நன்றாகத் தழைத்திருக்கிறது.

உன் தம்பிக்காகத் துஆ செய். எனக்காகவும் செய்.
அஜீஸா


லெஸ்டர்
25-3-2024

சின்னத்தாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நலம் விசாரித்து எழுத இன்று மனம் வரவில்லை, மன்னியுங்கள்.

எனக்குத் தெரிந்து நோன்பு மாதத்தில் நீங்கள் ஒருநாளும் வெளியூர் போனதில்லை. பட்டறையையே மதியத்தில் மூடிவிடுவீர்கள். அப்படிப்பட்டவர் இப்போது வடக்கே போயிருக்கிறீர்கள். சின்னம்மா மருதாணிச் செடியைப் பற்றி எழுதுகிறார். நான் கேட்டது செடியைப் பற்றி இல்லை.

சுகன்யாவைக் கட்டாயப்படுத்திக் கேட்டுவிட்டேன். டிசம்பரில் ஒருநாள் வீட்டில் பெரிய சத்தமாம். நயீம் பையை எடுத்துக்கொண்டு வெளியே வந்தானாம். சின்னம்மா வாசல்படியில் உட்கார்ந்துவிட்டாராம். நீங்கள் தெருமுனைவரை அவன் பின்னால் போய்விட்டுத் திரும்பி வந்தீர்களாம். "அண்ணன் வீட்டப் பாய் அமுக்கிட்டாரு, பையன வெரட்டி உட்டுட்டாரு" என்றுதான் தெரு பேசுகிறதாம்.

நான் நம்பவில்லை என்று சுகன்யாவிடம் சண்டை போட்டேன். ஆனால் போனை வைத்த பிறகு என்னால் உட்கார முடியவில்லை, ஆற்றங்கரையில் நடந்துகொண்டே இருந்தேன். அந்த ராஜாவும் முதலில் பாதுகாவலன்தானே! அண்ணன் சாகும்வரை அவன்மேல் ஒரு குற்றம் சொன்னவர் இல்லை. அண்ணனுக்கு அவனைவிட விசுவாசமானவன் கிடையாது. அதனால்தான் பிள்ளைகளை அவனிடம் விட்டார். வாராவாரம் என் வாயாலேயே சொல்கிற கதை.

என் தம்பி எங்கே?

மஹீன்


சூரமங்கலம்
6-5-2024

அன்பு மகள் மஹீனுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நான் ஊர் திரும்ப நாளாகிவிட்டது. வந்த பிறகும் உடனே எழுத முடியவில்லை. வெயிலில் அலைந்ததில் காய்ச்சல். இப்போது தேவலை. நீ நலமா? கோபமாக இருந்தாலும் நலமாக இரு.

உன் கடிதத்தைப் பலமுறை படித்தேன். தெரு பேசுவதை நானும் கேட்டேன். தெருவுக்கு நான் பதில் சொல்வதில்லை, உனக்குச் சொல்ல வேண்டும். என்னால் சொல்ல முடிந்ததை மட்டும் சொல்கிறேன்.

நயீம் உயிரோடு இருக்கிறான், திடமாக இருக்கிறான். மத்தியப் பிரதேசத்தில் சாகர் என்ற ஊர்ப்பக்கம் ஒரு ரிக் வண்டியில் வேலை செய்கிறான். அவன் எந்த வண்டியில் ஏறினான் என்று தெரியாமல் திருச்செங்கோட்டில் ஒவ்வொரு முதலாளியாகப் போய்க் கேட்டேன். கடைசியில் சின்னண்ணன் என்பவர், "ஏனுங்க பாய், மொதல்லயே எங்கிட்ட வரக்கூடாதுங்களா? பையன் நம்ம வண்டியிலதான் இருக்கறானுங்க. ஊட்ல கோவிச்சுக்கிட்டு வந்துட்டேன்னு சொன்னான், சரி கொஞ்ச நாள் இருக்கட்டும்னு உட்டுட்டேனுங்க" என்றார். போய்ப் பார்த்தேன். என்னோடு வரவில்லை. ஏன் போனான் என்பதை உன்னிடம் சொல்லக் கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருக்கிறான். ஆகவே அதைக் கேட்காதே.

அந்த ராஜா விஷயத்தை யோசித்துக்கொண்டிருக்கிறேன். நீ அதை வசதியான காரணம் என்று எழுதினாய். பாதிரியார் சொன்னது பொய் என்றால் அவன் பாவி, சரி. ஆனால் அது உண்மையாகவே இருந்திருந்தால்? அந்தப் பிள்ளைகளின் பிறப்பில் ஒரு விஷயம் இருந்து, அது சித்தப்பன் ஒருவனுக்குத் தெரிந்திருந்தால், அவன் என்ன செய்திருக்க வேண்டும்? சொன்னாலும் பழி. சொல்லாவிட்டால்? உங்கள் பேராசிரியர்கள் இதைப் பற்றி என்ன சொல்கிறார்கள்?

காதை மூடிக்கொள்.
கரீம் பாஷா


லெஸ்டர்
19-5-2024

சின்னத்தாவுக்கு,

ஸலாம். காய்ச்சல் என்றதும் பதறினேன். பதறியதற்காக என்மேலேயே எரிச்சல் வந்தது.

ரிச்சர்டு ராஜாவிடமும் பையன்கள் எங்கே என்று கேட்டிருப்பார்கள். நலமாக இருக்கிறார்கள் என்றுதான் அவனும் சொல்லியிருப்பான். ஒரே ஒருநாள் அந்த இரண்டு பேரையும் கோட்டை மதில்மேல் நிறுத்தி ஊருக்குக் காட்டியிருந்தால் போதும், பழி அன்றோடு போயிருக்கும். காட்டவில்லை. ஏன் காட்டவில்லை என்பதுதான் ஐந்நூறு வருடக் கேள்வி. பேராசிரியர்கள் அதைத்தான் கேட்கிறார்கள், நீங்கள் கேட்பதை இல்லை.

நயீம் உங்களிடம் சத்தியம் வாங்கினான் என்கிறீர்கள். சின்ன வயதில் காலில் முள் குத்தினால்கூட முதலில் என்னிடம் ஓடி வந்தவன். அவன் எனக்குத் தெரியக் கூடாது என்று எதை மறைப்பான்?

கட்டுரைகளைக் கொடுத்து முடித்ததும் ஜூன் கடைசியில் ஊருக்கு வருகிறேன். அதற்குள் நயீமிடமிருந்து எனக்கு ஒரு வரி வரவில்லை என்றால், சேலம் வந்து இறங்கியதும் நேராகக் காவல் நிலையத்துக்குத்தான் போவேன். உங்கள் பெயரைச் சொல்லித்தான் புகார் கொடுப்பேன். இந்த வரியை இரண்டு முறை அடித்துவிட்டேன். ஆனாலும் எழுதிவிட்டேன்.

மஹீன்


சாகர்
16-6-2024

அக்காவுக்கு,

ஸலாம். நான் நல்லா இருக்கிறேன். கறுத்துவிட்டேன், மற்றபடி ஒன்றுமில்லை. நாளைக்கு ஹஜ்ஜுப் பெருநாள். இங்கே பக்கத்துக் கிராமத்தில் தொழுகை உண்டு, போவேன்.

நீ எழுதிய கடிதங்களைச் சின்னத்தா மொத்தமாக ஒரு கவரில் போட்டு, டீசல் லாரியில் கொடுத்து அனுப்பியிருந்தார். சின்னண்ணன்தான் கொண்டுவந்தார். "இந்தா சாமி, உங்கய்யன் குடுத்து உட்டாரு. மூஞ்சி செத்துக் கெடந்துச்சு பாய்க்கு. என்ன கோவமா இருந்தாலும் ஒரு போனப் போடு" என்றார். அவர்கள் ஊரில் அய்யன் என்றால் அப்பா. அவருக்கு ஒன்றும் தெரியாது. நான் திருத்தவில்லை.

கவரில் ஒரு துண்டுத்தாளும் இருந்தது. "நீ வாங்கிய சத்தியம் அப்படியே இருக்கிறது. உன் அக்கா என்னைக் கொலைகாரன் என்று நினைக்கிறாள். அதை நான் தாங்குவேன். ஆனால் தம்பி செத்துவிட்டான் என்று நினைத்து அவள் அங்கே தனியாகக் கிடக்கிறாள். அதை என்னால் பார்க்க முடியவில்லை." அவ்வளவுதான் எழுதியிருந்தார்.

அதனால் சொல்கிறேன். டிசம்பரில் துபாயில் ஒரு வேலை வந்தது. போகிறேன் என்றேன். சின்னம்மா வேண்டாம் என்றார். பேச்சு பெருசாகிவிட்டது. "நீங்க யாரு என்னத் தடுக்கறதுக்கு? எங்கம்மாவா?" என்று கேட்டுவிட்டேன். "ஆமாடா, உங்கம்மாதான்! பெத்தவ நான்தான்டா!" என்று கத்தினார். கத்திவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார். சின்னத்தா பக்கத்திலேயே நின்றிருந்தார். இல்லை என்று சொல்வார் என்று அவர் முகத்தைப் பார்த்தேன். அவர் சொல்லவில்லை.

என்னைப் பெற்றுத் தூக்கிக் கொடுத்திருக்கிறார்கள், அக்கா. ஒரே வீட்டில் கீழே இருந்துகொண்டு, நான் மாடியில் வளர்வதைப் பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறார்கள். என்னால் அங்கே நிற்க முடியவில்லை. இங்கே வண்டி ஓடிக்கொண்டே இருக்கிறது. ஓர் ஊரில் துளை போட்டு முடிந்தால் அடுத்த ஊர். எனக்கு அது சரியாக இருக்கிறது.

உனக்குத் தெரியக் கூடாது என்று நான்தான் சொன்னேன். தெரிந்தால் நான் உனக்கு யாருமில்லை என்று ஆகிவிடும். இப்போது தெரிந்துவிட்டது. காவல் நிலையத்துக்குப் போகாதே.

நயீம்


லெஸ்டர்
1-7-2024

சின்னத்தாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நீங்கள் எப்படி இருக்கிறீர்கள்? இந்தமுறை முறைக்காகக் கேட்கவில்லை.

நயீம் எழுதிவிட்டான். பயணச்சீட்டை ரத்து செய்துவிட்டேன். என்ன முகத்தோடு வந்து உங்கள் முன்னால் நிற்பது என்று தெரியவில்லை.

உண்மைதானா? அம்மா வயிற்றோடு இருந்தது எனக்கு நினைவிருக்கிறது. அப்போது எனக்கு ஐந்து வயது. அம்மாவைப் பெற்ற நன்னி வீட்டில் கொண்டுபோய் விட்டார்கள். திரும்பி வந்தபோது தொட்டிலில் தம்பி இருந்தான். தொட்டிலை ஆட்டியது நான்தானே?

உண்மை என்றால், நான் அப்படியெல்லாம் எழுதியபோது ஏன் பேசாமல் இருந்தீர்கள்? ஒரு வரியில் சொல்லியிருக்கலாமே.

மஹீன்


சூரமங்கலம்
15-7-2024

அன்பு மகள் மஹீனுக்கு,

வ அலைக்கும் ஸலாம். நலமாக இருக்கிறேன். உன் கடிதம் வந்த அன்று சின்னம்மா நன்றாகச் சாப்பிட்டாள். ரொம்ப நாளைக்குப் பிறகு.

உண்மைதான். உன் அம்மாவும் அஜீஸாவும் ஒரே சமயத்தில் உண்டாகியிருந்தார்கள். உன் அம்மாவுக்குப் பிள்ளை இறந்து பிறந்தது. அதே வாரத்தில் எங்களுக்கு நயீம் பிறந்தான். உன் அம்மாவுக்குப் புத்தி பேதலித்ததுபோல் ஆகிவிட்டது. வெறும் துணியைச் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டு தட்டிக் கொடுப்பார். உன் அத்தா என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. வாசலில் நின்று அழுதார், அவ்வளவுதான். பிள்ளையைத் தூக்கிக்கொண்டுபோய் தன் மைனியான உன் அம்மா மடியில் வைத்தது அஜீஸா. என்னிடம்கூடக் கேட்கவில்லை. "எனக்குத்தான் இன்னும் பொறக்குமே" என்றாள். அவளுக்கு அப்போது இருபது வயது. அதன் பிறகு பிறக்கவில்லை.

யாருக்கும் சொல்வதில்லை என்று நாங்கள் நாலு பேரும் பேசிக்கொண்டோம். இரண்டு பேர் போய்விட்டார்கள். நான் ஏன் பேசவில்லை என்று கேட்கிறாய். நீ சொன்ன கதைதான். நயீம் அண்ணன் பிள்ளை இல்லை என்று நான் வாய் திறந்தால், நம் சட்டப்படி அண்ணன் வீட்டில் அவனுக்குப் பங்கில்லை, அண்ணனுக்கு ஆண் வாரிசு இல்லை என்றாகி எனக்குப் பங்கு வந்துவிடும். அந்தப் பாதிரியார் சொன்னதும் அதுதானே? உண்மையையே சொன்னாலும் வீட்டுக்காகச் சொன்னேன் என்றுதான் ஊர் சொல்லும். நாளைக்கு நீயும் அப்படி நினைப்பாயோ என்று பயந்தேன். என்னைத் திருடன் என்று நீ நினைத்தால்கூடப் பரவாயில்லை, அவன் உனக்குத் தம்பியாகவே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன். மாடியைப் பூட்டியது சின்னம்மா. கொடியில் அவன் சட்டை தொங்குவதைப் பார்க்க முடியவில்லை என்றாள்.

இன்னொன்று உனக்குத் தெரிய வேண்டும். உன் அம்மாவுக்குச் சுரந்த பாலைத்தான் நயீம் குடித்தான். இரண்டு வயதுவரை குடித்தான். ஒரே தாயிடம் பால் குடித்தவர்கள் மார்க்கப்படி உடன்பிறந்தவர்கள். பள்ளிவாசல் ஹஜரத்திடம் அப்போதே கேட்டு உறுதி செய்துகொண்டோம். அவன் உனக்கு யாருமில்லாமல் போக வழியே கிடையாது. இதை நான் சொன்னால் கேட்க மாட்டான். நீ எழுது.

நீ என் முன்னால் வந்து நிற்பதற்குத் தனியாக ஒரு முகம் தேவையில்லை.

வஸ்ஸலாம்
கரீம் பாஷா


லெஸ்டர்
28-7-2024

தம்பி நயீமுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். சாப்பிடுகிறாயா? வெயிலில் தலைக்குத் துணி கட்டுகிறாயா?

தம்பி என்றுதான் எழுதியிருக்கிறேன், பார்த்தாயா? சின்னத்தாவின் கடிதத்தையும் இதோடு வைத்திருக்கிறேன், படி. நீ என் அம்மாவிடம் பால் குடித்தவன். நீ எனக்கு யாருமில்லை என்று நீயாகச் சொல்லிக்கொண்டு ரிக் வண்டியில் ஏறிப் போனால் ஆயிற்றா? மார்க்கமே நீ என் தம்பி என்று சொல்லும்போது, அதை இல்லை என்று சொல்ல உன்னால் முடியாது. என்னாலும் முடியாது.

போன வாரம் சுற்றுலாவில் ஒரு வயதான பெண், "நீ எந்தக் கட்சி? ராஜா அந்தப் பையன்களைக் கொன்றானா, இல்லையா?" என்று கேட்டார். இங்கே அதற்கு இரண்டு கட்சி உண்டு, சண்டையே போடுவார்கள். இத்தனை நாள் கொன்றான் என்றுதான் குரலைத் தாழ்த்திச் சொல்லிக்கொண்டிருந்தேன். அன்று எனக்குத் தெரியாது என்றேன். வழிகாட்டி அப்படிச் சொல்லக் கூடாது. சுற்றுலா நடத்துகிறவர் என்னைத் தனியே கூப்பிட்டுக் கண்டித்தார். பரவாயில்லை. ஒரு மனிதனை அவன் எதிரிகள் எழுதி வைத்ததை வைத்துக்கொண்டு இனி என்னால் பேச முடியாது.

எனக்கும் கோபம் இருக்கிறது, நயீம். நாலு பெரியவர்கள் சேர்ந்து நம் இரண்டு பேருக்கும் சொல்லாமல் இருந்தார்கள். ஆனால் அந்த நாலு பேரில் யாரும் உன்னை வேண்டாம் என்று சொல்லவில்லை. உனக்குக் கேட்க வேண்டியது இருந்தால் சின்னம்மாவிடம் போய்க் கேள்.

போனை ஆன் செய்.
உன் அக்கா
மஹீன்


சூரமங்கலம்
25-8-2024

அன்பு மகள் மஹீனுக்குச் சின்னம்மா எழுதுவது,

அஸ்ஸலாமு அலைக்கும். உன் உடம்பு எப்படி இருக்கிறது? இங்கே இரண்டு நாளாக மழை. உன் சின்னத்தா எழுதுகிறேன் என்றார். இதை நான்தான் எழுதுவேன் என்று பேனாவை வாங்கிக்கொண்டேன்.

நேற்று மதியம் நயீம் வந்தான். வண்டியில் ஏதோ எஞ்சின் வேலை என்று திருச்செங்கோட்டுக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள். சொல்லாமல்தான் வந்தான். கதவைத் திறந்தால் நிற்கிறான். தாடி வைத்திருக்கிறான். கையெல்லாம் கிரீஸ். நான் வழியை விட்டு விலகி நின்றேன். அவனே உள்ளே வந்தான். குழாயடியில் போய்க் கையைக் கழுவினான். என்னைப் பார்க்காமலே பேசினான்.

"எதுக்குக் குடுத்தீங்க?"

"உங்கம்மா இருந்த நெலமைய என்னால பாக்க முடியல. குடுத்துட்டேன்."

"திருப்பிக் கேக்கணும்னு தோணவே இல்லையா?"

"தெனமும் தோணுச்சு."

"கேட்டிருக்கலாம்ல?"

"எப்படிடா கேக்கறது? நீ அவ மடியில படுத்துக்கிட்டு சிரிச்சுக்கிட்டு இருப்ப. கேக்கலாம்னுதான் மாடிப்படி ஏறுவேன். ஒன்னயப் பாத்துட்டு, சட்னிக்குத் தேங்கா இருக்கான்னு கேட்டுட்டு எறங்கி வந்துருவேன்."

அவன் குழாயை மூடாமல் நின்றுகொண்டே இருந்தான். தண்ணீர் போய்க்கொண்டே இருந்தது. பிறகு மூடினான்.

"பசிக்குது" என்றான்.

காலையில் ஆக்கிய சோறும் பருப்பும்தான் இருந்தன. முட்டை பொரித்தேன். மூன்று தரம் சோறு வாங்கிச் சாப்பிட்டான். சாப்பிட்ட இடத்திலேயே தரையில் படுத்துத் தூங்கிவிட்டான். நான் ஒரு தலையணையை எடுத்துக்கொண்டு வந்து, அவன் எழுந்துவிடுவானோ என்று வைக்காமலே கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

சாயங்காலம் உன் சின்னத்தா பட்டறையிலிருந்து வந்தார். வாசலில் அவன் பூட்ஸைப் பார்த்துவிட்டுப் படியிலேயே நின்றுவிட்டார். நயீம் எழுந்து வந்தான். இரண்டு பேரும் எதிரெதிரே நின்றார்கள். "வண்டியில பிட்டெல்லாம் தேஞ்சு கெடக்கு. நாளைக்கிக் கொண்டு வந்தா தீட்ட முடியுமா?" என்று நயீம் கேட்டான். "கொண்டா" என்றார் இவர். அவ்வளவுதான் பேசினார்கள். ஆனால் இவர் உள்ளே வந்து சட்டையைக் கழற்றாமல் ரொம்ப நேரம் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

இன்று பட்டறைக்கு வந்து பிட்டுகளைத் தீட்டி எடுத்துக்கொண்டு போய்விட்டான். மறுபடியும் வடக்கே போகிறார்களாம். துபாய் போவதாக இப்போது எண்ணமில்லை என்றான். இங்கேயே இருந்துவிடு என்று நான் கேட்கவில்லை. கேட்க ஆசைதான். போகும்போது "பொங்கலுக்கு வண்டி திரும்பும், அப்ப வாரேன்" என்றான். உன்னிடம் போனில் பேசுகிறானாமே, உன் சின்னத்தாதான் சொன்னார். எனக்கு அது போதும் என்று நினைத்தேன்.

ஆனால் இன்னொன்று இருக்கிறது, அதை உனக்குச் சொல்லத்தான் பேனாவை வாங்கினேன். நேற்று மதியத்திலிருந்து போகும்வரை அவன் என்னை எதுவும் சொல்லிக் கூப்பிடவில்லை, மஹீன். தண்ணீர் வேண்டுமென்றால் சொம்பைக் காட்டினான். கிளம்பும்போது கதவைப் பார்த்துத்தான் வாரேன் என்றான். அம்மா என்று கூப்பிடவில்லை. பத்தொன்பது வருடமாக, வாய் ஓயாமல் சின்னம்மா சின்னம்மா என்று கூப்பிட்ட பிள்ளை, நேற்று ஒரு தடவைகூடச் சின்னம்மா என்றும் கூப்பிடவில்லை.

உன் படிப்பு நல்லபடி முடியட்டும், அல்லாஹ் உன்னைப் பத்திரமாகக் கொண்டுவந்து சேர்க்கட்டும்.

அஜீஸா